காலத்தை நெய்பவளின் வீடும் நம் பெயர்களும்

(பண்டிதர் அயோத்திதாசர் நினைவுச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



பண்டிதர் பெயரால் நடக்கும் மேடையில் பௌத்தம் பற்றியோ, சாதி ஒழிப்பு பற்றியோ, 'தமிழன்' இதழ் பற்றியோ பேசுவது வழக்கம். இன்று நான் பேச எடுத்துக்கொண்டிருப்பது ஓர் ஆங்கிலப் பேராசிரியர் கற்பனையில் உருவாக்கிய உலகத்தில் வரும் ஒரு பெண் தெய்வத்தைப் பற்றி. அவள் பெயர் வைரே. அவள் தொழில் நெசவு. அவள் நெய்வது துணியை அல்ல, நடந்து முடிந்த காலத்தை.

இதற்கும் நமக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் கேட்பது நியாயம். நடந்ததை யார் பதிவு செய்கிறார்கள், அந்தப் பதிவில் யார் இருக்கிறார்கள், அதை யார் பார்க்க முடிகிறது என்ற மூன்று கேள்விகளும் தலித் வரலாறெழுதியலின் அடிப்படைக் கேள்விகள். அந்த மூன்றையும் இந்தக் கற்பனைத் தெய்வம் மிகத் துல்லியமாக நம் முன் வைக்கிறாள். அதனால்தான் அவளை இந்த அவைக்கு அழைத்து வந்திருக்கிறேன்.

நெசவு செய்கிற தெய்வம்

ஜே. ஆர். ஆர். டோல்கீன் 1892ஆம் ஆண்டு ஜனவரி 3ஆம் தேதி தென்னாப்பிரிக்காவின் ப்ளூம்ஃபான்டைன் நகரில் பிறந்தவர். சிறு பிள்ளையாக இருக்கும்போதே இங்கிலாந்துக்குக் கொண்டுவரப்பட்டார். முதல் உலகப் போரில் 1916ல் நடந்த சோம் சண்டையில் ராணுவ அதிகாரியாக இருந்தார். பிறகு ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் பழைய ஆங்கிலமும் மொழியியலும் கற்பித்தார். 'தி ஹாபிட்' 1937ல் வந்தது. 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' 1954, 1955 ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வந்தது. நம் இளைஞர்களில் பலர் 2001 முதல் 2003 வரை வந்த பீட்டர் ஜாக்சனின் மூன்று படங்கள் வழியாக இந்தக் கதையை அறிவார்கள்.

அந்தக் கதை நடக்கும் மிடில் எர்த் என்ற உலகத்துக்கு அவர் வாழ்நாள் முழுக்கப் புராணம் எழுதிக்கொண்டே இருந்தார். முடிக்காமலே 1973ல் இறந்துபோனார். அவர் மகன் கிறிஸ்டோபர் அந்தக் கையெழுத்துப் பிரதிகளைத் தொகுத்து 1977ல் 'தி சில்மரில்லியன்' என்ற பெயரில் வெளியிட்டார். வைரே வருவது இந்தப் புத்தகத்தில்தான்.

அந்த உலகத்தை ஆளும் பெருந்தெய்வங்களுக்கு வாலார் என்று பெயர். அரசர்கள் ஏழு பேர், அரசிகள் ஏழு பேர். அரசிகளில் ஒருத்தி வைரே. அவள் கணவன் மாண்டோஸ், இறந்தவர்களின் வீட்டைக் காப்பவன், தீர்ப்புச் சொல்பவன். எல்ஃப் என்ற இனத்தார் கொல்லப்பட்டாலோ துயரத்தில் மடிந்தாலோ அவர்கள் உயிர்கள் அவனுடைய மண்டபங்களுக்குப் போய்க் காத்திருக்கும். காலத்தில் நடந்த அனைத்தையும் வைரே சித்திரச் சீலைகளாக நெய்கிறாள். அந்த மண்டபங்களின் சுவர்களை அவளுடைய சீலைகள் மூடியிருக்கின்றன. யுகங்கள் செல்லச் செல்ல மண்டபங்கள் அகன்றுகொண்டே போகின்றன, சீலைகளும் கூடிக்கொண்டே போகின்றன.

சில்மரில்லியனில் அவளுக்குக் கிடைப்பது ஏறத்தாழ இவ்வளவுதான். உலகத்தின் மொத்த நினைவையும் வைத்திருப்பவளைப் பற்றி அந்த நூலின் நினைவில் இருப்பது ஒரு சில வரிகள். வாலார் பதினான்கு பேரில் மிக உயர்ந்தவர்கள் என்று எட்டுப் பேரைத் தனியாக எண்ணிச் சொல்கிறார் டோல்கீன். தீர்ப்புச் சொல்லும் கணவன் அந்த எட்டில் இருக்கிறான். நெய்கிற மனைவி இல்லை. தெய்வங்களுக்குள்ளும் படிநிலை உண்டு, அதில் கைத்தொழில் செய்து ஆவணம் காக்கும் பெண்ணுக்கு ஒரு படி கீழேதான் இடம். சமூகவியல் படித்தவர்களுக்கு இதில் வியப்பு இருக்காது.

இன்னொரு செய்தியையும் சேர்த்துப் பாருங்கள். மாண்டோஸ் எதையும் மறப்பதில்லை. ஆனால் தெய்வங்களின் அரசனான மன்வே கேட்டுக்கொண்டால்தான் அவன் தீர்ப்பை உரைப்பான். அதாவது முழுச் சாட்சியமும் அந்த வீட்டுச் சுவரில் தொங்குகிறது, நீதிபதியும் அதே வீட்டில் குடியிருக்கிறான், ஆனாலும் மேலிருந்து சொல் வரும்வரை தீர்ப்பு வராது. இதைப் படிக்கும்போது நம் ஊர் வன்கொடுமை வழக்குகளின் கட்டுகள் நினைவுக்கு வராமல் இருக்குமா, தோழர்களே? ஆவணம் இருப்பதும் நீதி கிடைப்பதும் வேறு வேறு என்பதை நமக்கு யாரும் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை.

பாவு நூல் தெரிவதில்லை

எல்லாவற்றையும் நெய்கிறாள் என்றால் எல்லோரும் அதில் இருப்பார்கள் அல்லவா? இருக்கத்தான் வேண்டும். ஆனால் அவளுடைய சீலையை நாம் யாரும் பார்த்ததில்லை. நமக்குக் கிடைப்பவை புத்தகங்கள் மட்டும். டோல்கீன் ஒரு நேர்மையான வேலை செய்திருக்கிறார். தம் கதைக்கே ஓர் ஆவண வரலாற்றை எழுதி வைத்திருக்கிறார். 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' என்பது ஹாபிட்கள் எழுதிய 'சிவப்புப் புத்தக'த்திலிருந்து வந்தது என்றும், நமக்குக் கிடைக்கும் படி கோண்டோர் நாட்டில் திருத்தங்களும் சேர்க்கைகளும் பெற்றது என்றும், அதைப் பிரதியெடுத்தவன் அரசனுடைய எழுத்தன் என்றும் முன்னுரையில் சொல்கிறார். போரில் வென்றவர்களின் அரண்மனை வழியாக வந்த ஏடு அது என்பதை அவரே சொல்லிவிடுகிறார்.

நெசவுத் தொழிலிலிருந்து ஒரு செய்தியைச் சொல்கிறேன். தறியில் நீளவாக்கில் இழுத்துக் கட்டுவது பாவு. குறுக்கே ஓடுவது ஊடை. வேட்டி, சேலை நெசவில் இரண்டும் கண்ணுக்குத் தெரியும். சுவரில் தொங்கவிடும் சித்திரச் சீலை நெசவு அப்படி இல்லை. அதில் நிற நூல்களை ஊடையாகக் கோத்து நெருக்கி அடித்துவிடுவார்கள். படம் முழுவதும் ஊடையால் ஆனது. விறைப்பாக நின்று மொத்தப் பாரத்தையும் தாங்கும் பாவு நூல், முடிந்த சீலையில் வெளியே தெரியாது.

டோல்கீனின் உலகத்தில் பாவு நூலாக இருப்பவர்கள் யார்?

மோர்டார் என்பது எதிரியின் நாடு. எரிமலையும் சாம்பலும் நிறைந்த நாடு. அங்கே அத்தனை பெரிய படைக்குச் சோறு எங்கிருந்து வந்தது? தெற்கே நூர்னென் என்ற உள்நாட்டுக் கடலைச் சுற்றி அடிமைகள் உழுத பெரும் வயல்கள் இருந்தன என்று போகிற போக்கில் ஒரு குறிப்பு வருகிறது. போர் முடிந்து அரகோர்ன் முடிசூடியதும், மோர்டாரின் அடிமைகளை விடுதலை செய்து நூர்னெனைச் சுற்றியுள்ள நிலத்தையெல்லாம் அவர்களுக்கே சொந்தமாகக் கொடுத்தான் என்று இன்னொரு குறிப்பு வருகிறது. உழுதவர்களுக்கே நிலம்! ஆயிரம் பக்கங்களுக்கு மேல் நீளும் கதையில் இந்த மாபெரும் நிலச் சீர்திருத்தத்துக்குக் கிடைத்த இடம் ஒரு வாக்கியத்தின் ஒரு பகுதி. அந்த அடிமைகளில் ஒருவர் பெயரும் நமக்குத் தெரியாது. அவர்கள் என்ன மொழி பேசினார்கள், எங்கிருந்து பிடித்துவரப்பட்டார்கள், நிலம் கைக்கு வந்ததா, வந்தது நிலைத்ததா, எதுவும் தெரியாது.

பஞ்சமி நிலத்தின் கதை தெரிந்தவர்கள் இந்த இடத்தில் நின்று யோசிப்பார்கள். செங்கல்பட்டு கலெக்டராக இருந்த ட்ரெமென்கீரின் 1891ஆம் ஆண்டு அறிக்கையைப் பற்றிப் பேசுகிறோம். 1892ஆம் ஆண்டு அரசாணையைப் பற்றிப் பேசுகிறோம். சுமார் 12 லட்சம் ஏக்கர் என்று கணக்குச் சொல்கிறோம். கலெக்டரின் பெயர் நமக்குத் தெரிகிறது. நிலத்தை முதன்முதலில் உழுத கைகளின் பெயர்களை நம்மில் எத்தனை பேர் சொல்ல முடியும்? காரணை நில மீட்புப் போராட்டத்தில் 1994ல் துப்பாக்கிச் சூட்டில் உயிரிழந்த ஜான் தாமஸ், ஏழுமலை என்ற இரண்டு பெயர்கள் நம் நினைவில் இருக்கின்றன என்றால், இயக்கங்கள் அவற்றை ஆண்டுதோறும் சொல்லிக்கொண்டே இருப்பதுதான் காரணம். எந்தத் தெய்வமும் அவற்றை நமக்காக நெய்து வைக்கவில்லை.

அடுத்து ஓர்க்குகள். எதிரியின் படையில் இருக்கும் இழிந்த உயிர்கள் என்று காட்டப்படுபவர்கள். தீய சக்தியான மெல்கோர் எல்ஃப்களைச் சிறைபிடித்துச் சித்திரவதை செய்து இவர்களை உண்டாக்கினான் என்று சில்மரில்லியன் சொல்கிறது. தங்களை ஆட்டிவைக்கும் எசமானனை அவர்கள் உள்ளுக்குள் வெறுத்தார்கள் என்றும் அதே நூல் சொல்கிறது. 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' இரண்டாம் பாகத்தின் இறுதியில் இரண்டு ஓர்க் தலைவர்கள் தனியாகப் பேசிக்கொள்ளும் இடம் ஒன்று உண்டு. போர் முடிந்ததும் நம்பகமான சில ஆட்களோடு கிளம்பி, பெரிய முதலாளிகள் தலைக்கு மேல் இல்லாத ஓர் இடத்தில் போய் இருக்கலாமே என்று ஆசைப்படுகிறார்கள். பண்ணையிலிருந்து ஓடிப்போக நினைத்த எத்தனையோ பேரின் ஆசை அது. டோல்கீன் அதைக் கேட்டிருக்கிறார், எழுதியும் இருக்கிறார். ஆனால் கதை அந்தப் பாதையில் போகவில்லை. அந்த இருவரின் கூட்டங்களும் கொஞ்ச நேரத்தில் ஒன்றையொன்று வெட்டிக்கொண்டு சாகின்றன.

எல்ஃப்களின் உயிர் எங்கே போகும் என்று விரிவாகச் சொல்லும் சில்மரில்லியன், ஓர்க்கின் உயிர் எங்கே போகும் என்று சொல்வதில்லை. இந்த உயிர்களுக்கு மீட்சி உண்டா என்ற கேள்வி டோல்கீனைக் கடைசிவரை உறுத்தியது. அதைப் பற்றி வெவ்வேறு விதமாக எழுதிப் பார்த்தார், முடிவு கட்டவில்லை. பிறப்பாலேயே ஒரு கூட்டம் இழிந்தது என்று கதையில் வைத்துவிட்டால் அதை அறத்தோடு பொருத்துவது எவ்வளவு கடினம் என்பதற்கு அவர் கட்டுரைகளே சாட்சி.

தோலின் நிறமும் ஒரு கடிதமும்

இந்தக் கேள்வியை எழுப்பியவர்களில் இருவரைச் சொல்ல வேண்டும். 'தி ரேஷியல் கான்ட்ராக்ட்' என்ற நூலை 1997ல் எழுதிய கறுப்பினத் தத்துவ அறிஞர் சார்ல்ஸ் மில்ஸ், மிடில் எர்த்தின் இனப் படிநிலையை ஓர்க்குகளின் பக்கம் நின்று விமர்சித்து ஒரு கட்டுரை எழுதி வைத்திருந்தார். அவர் 2021ல் காலமான பிறகு, 2022ல்தான் அது வெளிவந்தது. ஃபானோனின் 'மண்ணின் சபிக்கப்பட்டோர்' என்ற தலைப்பை நினைவூட்டும்படி அவர் அதற்குப் பெயர் வைத்தார். இன்னொருவர் ரஷ்ய எழுத்தாளர் கிரில் யெஸ்கோவ். தொல்லுயிரியல் விஞ்ஞானி. 1999ல் இதே போரை மோர்டார் பக்கத்திலிருந்து நாவலாக எழுதினார். அதில் மோர்டார் அறிவியலும் தொழிலும் வளர்ந்துகொண்டிருந்த நாடு. வென்றவர்கள் எழுதிய வரலாறு அதைப் பேய்நாடாக்கிவிட்டது. ஒரே போர், ஒரே சாவுகள். தறியில் உட்கார்ந்தவர் மாறியதும் சீலை மாறிவிட்டது.

டோல்கீனை இனவெறியர் என்று ஒரு சொல்லில் ஒதுக்கிவிட்டுப் போக நான் இங்கே வரவில்லை. 1938ல் 'தி ஹாபிட்' நாவலின் ஜெர்மன் மொழிபெயர்ப்பை வெளியிட விரும்பிய ஒரு ஜெர்மன் பதிப்பகம், நீங்கள் ஆரிய வம்சத்தவரா என்று அவரிடம் விளக்கம் கேட்டது. ஹிட்லர் காலம். அவர் எழுதிய பதில் கடிதத்தின் படி ஒன்று கிடைத்திருக்கிறது. ஆரியம் என்பது மொழியியலில் இந்தோ-இரானிய மொழிகளைக் குறிக்கும் சொல், என் முன்னோர் யாரும் இந்துஸ்தானியோ பாரசீகமோ பேசியவர்கள் இல்லை என்று மொழியறிஞருக்கே உரிய கிண்டலோடு பதில் சொல்கிறார். நீங்கள் கேட்பது யூதரா என்பதுதான் என்றால், அந்த ஆற்றல் மிக்க மக்களில் எனக்கு முன்னோர் இல்லாததற்கு வருந்துகிறேன் என்கிறார். ஆரியம் என்ற சொல் என்னென்ன வேலை செய்யும் என்பதை அறிந்த நமக்கு இந்தப் பதிலின் மதிப்பு தெரியும். 1959ல் ஆக்ஸ்ஃபோர்டிலிருந்து விடைபெறும் உரையிலும், தென்னாப்பிரிக்காவில் பிறந்த தமக்கு நிறவெறி ஒதுக்கல்மீது எலும்புவரை வெறுப்பு உண்டு என்றார்.

அதே மனிதர் 1958ல் எழுதிய ஒரு கடிதத்தில், ஓர்க்குகளின் உருவத்தை ஐரோப்பியர் கண்ணுக்கு அழகற்றுத் தெரியும் மங்கோலிய முகவகையோடு ஒப்பிட்டு விவரிக்கிறார். கதையில் எதிரிக்குப் படை அனுப்பும் ஹாரட் நாட்டவர் தெற்கத்தியர், கருமை நிறத்தவர். அறிந்து எதிர்த்த ஒன்று அறியாமல் கற்பனைக்குள் வந்து உட்கார்ந்துகொள்கிறது. கொள்கையில் சாதி எதிர்ப்பும் கதையில் சாதி முகமும் கொண்ட எழுத்துகளை நம் மொழியிலும் நிறையப் பார்த்திருக்கிறோம். தனிமனிதரின் நல்ல எண்ணம் போதாது, அமைப்பு பேனா வழியாகவும் எழுதும் என்று சமூகவியல் சொல்வது இதைத்தான்.

ஆனாலும் அந்த நாவலில் ஓர் இடம் எனக்கு மிக முக்கியமானது. தோட்டக்காரனான சாம், தன் கண்முன் செத்து விழும் ஒரு ஹாரட் சிப்பாயைப் பார்க்கிறான். இவன் பெயர் என்ன, எந்த ஊர், உண்மையிலேயே கெட்டவனா, எந்தப் பொய்யோ மிரட்டலோ இவனை இவ்வளவு தூரம் நடத்திக்கொண்டு வந்தது என்று நினைக்கிறான். அரசர்களும் மந்திரவாதிகளும் நிறைந்த கதையில் எதிரிப் பிணத்தின் பெயரைக் கேட்கத் தோன்றியது ஒரு வேலைக்காரனுக்குத்தான். படத்தில் இந்த எண்ணத்தை எடுத்து ஃபாராமிர் என்ற பிரபு வாயில் வைத்துவிட்டார்கள். வேலைக்காரனின் சிந்தனை பிரபுவின் பெருந்தன்மை ஆகிவிட்டது! எழுதப்பட்ட பிறகும் ஒரு நூலை உருவி இன்னொருவர் பெயரில் கோக்க முடியும் என்பதற்கு இது நல்ல சான்று.

தன் குலத்தை மட்டும் நெய்தவள்

இனி நமக்கு நெருக்கமான, கொஞ்சம் வலிக்கக்கூடிய இடத்துக்கு வருகிறேன். வைரேயின் வீட்டில் இன்னொரு நெசவுக்காரி இருக்கிறாள். அவள் பெயர் மீரியல். எல்ஃப் அரசன் ஃபின்வேயின் முதல் மனைவி. நெசவிலும் தையலிலும் அவளுக்கு நிகர் இல்லை. ஃபெயனோர் என்ற மகனைப் பெற்றதும் அவள் உடலும் உயிரும் தேய்ந்துபோகின்றன. பலரைப் பெற்றிருக்கக்கூடிய வலு ஒரே பிள்ளையிடம் போய்விட்டது என்று சொல்லி, படுத்து, உயிரை விட்டுவிடுகிறாள். பிரசவத்தில் சத்தெல்லாம் வற்றிப்போகும் பெண்ணின் கதை தெய்வ உலகத்திலும் இருக்கிறது.

கிறிஸ்டோபர் பிற்காலத்தில் வெளியிட்ட தொகுதிகளில் ஒன்றான 'மார்கோத்ஸ் ரிங்' (1993) அவள் கதையின் மீதியைச் சொல்கிறது. நெடுங்காலம் கழித்து அவளுக்கு மறுபடி உடல் கிடைக்கிறது. தன் மக்களிடம் திரும்பாமல் அவள் வைரேயின் வீட்டுக் கதவைத் தட்டுகிறாள். உயிரோடு இருப்பவர் யாரும் நுழைய முடியாத வீடு அது. அவளுக்கு மட்டும் விலக்குக் கிடைக்கிறது. அங்கே அமர்ந்து தன் இனத்தாரின் வரலாற்றை, உயிருள்ளதுபோல் ஒளிரும் சீலைகளாக நெய்கிறாள். இறந்துபோன கணவன் ஃபின்வேக்கு மட்டும் அவற்றை அவ்வப்போது பார்க்க அனுமதி.

இறந்தும் ஓயாத அவள் உழைப்பின் முன்னால் தலைவணங்கலாம். ஆனால் வைரே நெய்வதற்கும் மீரியல் நெய்வதற்கும் உள்ள வேறுபாட்டைக் கவனியுங்கள். வைரே நடந்த அனைத்தையும் நெய்கிறாள். மீரியல் தன்னிடம் கொண்டுவரப்படும் செய்திகளை, தன் குலத்தின் செய்திகளை நெய்கிறாள். அந்தக் குலத்தின் வரலாற்றில், அவள் மகன் ஃபெயனோரின் தலைமையில், கப்பல்களுக்காகச் சொந்த உறவினரையே வெட்டிக் கொன்ற கொடுமையும் உண்டு. கொன்றவரை நெய்த கை, கடலோரத்தில் வெட்டுப்பட்டவரை எந்த நிறத்தில் நெய்திருக்கும்?

நாம் எழுதும் வரலாறு வைரேயினுடையதா, மீரியலினுடையதா என்று நம்மையே கேட்டுக்கொள்ள வேண்டிய காலம் இது. ஒடுக்கப்பட்ட சாதி ஒவ்வொன்றும் தனித்தனி அரச பரம்பரை தேடுகிறது. ஒவ்வொரு உட்பிரிவுக்கும் ஒரு மன்னன், ஒரு கொடி, ஒரு குருபூஜை. ஆண்ட கதை சொன்னால் அடிமைக் கதை மறையும் என்று நம்புகிறார்கள். அந்தச் சீலையில் பக்கத்துச் சேரிக்காரர் இல்லை, துப்புரவுத் தொழிலாளி இல்லை, புதிரை வண்ணார் இல்லை. பெண்களும் இல்லை.

இந்த மேடையில் பண்டிதரைப் போற்றும்போதே இதையும் பேசியாக வேண்டும். தாழ்ந்தோர் வேறு, தாழ்த்தப்பட்டோர் வேறு என்று அவர் செய்த பிரிவினையை அருந்ததியர் தரப்பு எழுத்தாளர்கள் கேள்வி கேட்டிருக்கிறார்கள். அந்தக் கேள்வி நியாயமானது. அதைக் கேட்பதால் பண்டிதரின் மதிப்புக் குறையாது. கேட்காமல் விட்டால் நம் மதிப்புக் குறையும்.

அறுந்த நூலை எப்படிப் பிணைப்பது

பண்டிதரிடம் நாம் கற்க வேண்டியது அவர் முடிவுகளைவிட அவர் கைப்பழக்கத்தை. 1907ல் 'ஒரு பைசாத் தமிழன்' என்று இதழ் தொடங்கினார். 'இந்திரர் தேச சரித்திரம்' எழுதினார். அவர் கையில் அரசு ஆவணக் காப்பகம் இல்லை, பல்கலைக்கழகம் இல்லை. மருத்துவ ஏடுகள், பழமொழிகள், சடங்குகள், பண்டிகைகள், வாய்மொழிக் கதைகள், சொற்களின் பொருள் ஆகியவற்றை எடுத்தார். பிறர் குப்பை என்று ஒதுக்கியதையெல்லாம் நூலாகத் திரித்துப் பாவு போட்டார்.

தம் பாட்டனார் கந்தப்பன், தாம் வேலை பார்த்த ஆங்கிலேய அதிகாரி வழியாகத் திருக்குறள் ஏட்டை எல்லிஸ் துரையிடம் சேர்ப்பித்த செய்தியைப் பண்டிதர் பதிவு செய்திருக்கிறார். எல்லிஸ், தென்னிந்திய மொழிகள் தனிக் குடும்பம் என்று 1816லேயே எழுதியவர். மொழியியல் வரலாற்றில் அவருக்கு இடம் உண்டு. ஏட்டைப் பாதுகாத்துக் கொண்டுபோய்க் கொடுத்த கந்தப்பனுக்கு அந்தப் படத்தில் இடம் கிடைக்க, பேரன் ஒருவர் பத்திரிகை நடத்த வேண்டியிருந்தது.

அண்ணல் அம்பேத்கரும் இதே சிக்கலை எதிர்கொண்டார். 1948ல் வந்த 'தீண்டப்படாதோர்' பற்றிய நூலை நந்தனார், ரவிதாஸ், சொக்கமேளா ஆகிய மூவரின் நினைவுக்கு அர்ப்பணித்தார். கண்ணிகள் அறுந்துபோன இடத்தில் வரலாற்று ஆய்வாளர் வேலையை நிறுத்திவிட வேண்டுமா என்று அதன் முன்னுரையில் விவாதிக்கிறார். கற்பனையையும் உள்ளுணர்வையும் கொண்டு இடைவெளியை இணைத்து ஒரு கருதுகோளை முன்வைக்கலாம், அது பொருந்துகிறதா என்று பிறர் சோதிக்கட்டும் என்பது அவர் நிலை. இதில் 'சோதிக்கட்டும்' என்ற பகுதியை நாம் மறந்துவிடக் கூடாது. சோதனைக்கு நிற்கும் கற்பனை வரலாற்றுக்கு உதவும். சோதனையை மறுக்கும் கற்பனை இன்னொரு புராணமாகும்.

மன்னர் இல்லாமலும் நெய்ய முடியும் என்பதற்கு நம்மிடமே முன்மாதிரி உண்டு. பாமாவின் 'சங்கதி' 1994ல் வந்தது. அதில் தனி நாயகி இல்லை. பாட்டி, அம்மா, அத்தை, வயலில் நிற்பவள், அடிவாங்குபவள், திருப்பி ஏசுபவள் என்று பல பெண்களின் பேச்சு குறுக்கும் நெடுக்கும் ஓடுகிறது. அது பாவு நூல் வெளியே தெரியும்படி நெய்த துணி. நமக்கு வேண்டிய வரலாற்று நூல்களும் அந்த வகையில் வர வேண்டும்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். டோல்கீனின் உலகத்தில் நெசவு அரசிகளின் கலை. நம் நாட்டில் கபீர் நெசவாளி. எட்கர் தர்ஸ்டன் 1909ல் வெளியிட்ட தென்னிந்தியச் சாதிகளும் குடிகளும் பற்றிய ஏழு தொகுதிகளில், கோலியர் என்ற நெசவுச் சாதியார் பறையரிலிருந்து பிரிந்தவர்கள் என்ற குறிப்பு இருக்கிறது. குடித்தொகைக் கணக்குக்காரர்களுக்கு அவர்கள் ஒரு சாதிப்பெயர். எந்தத் தறியில் யார் என்ன நெய்தார் என்பது அந்த ஏழு தொகுதிகளில் இல்லை. நம் முன்னோரில் உண்மையாகவே தறியில் உட்கார்ந்தவர்கள் இருந்தார்கள். அவர்கள் நெய்த துணி கிழிந்து மண்ணாகிவிட்டது, பெயரும் கூடவே போய்விட்டது.

கதவைத் திறப்பது

எல்லாம் எங்கோ பதிவாகியிருக்கிறது என்ற நம்பிக்கை ஏழைக்கு ஆறுதல் தரும். மேலே இருப்பவன் பார்த்துக்கொண்டிருக்கிறான் என்று நம் பாட்டிகள் சொல்வதும் அதைத்தான். வைரே அந்த ஆறுதலின் மிக அழகான வடிவம். அவள் எதையும் விடுவதில்லை, யாரையும் மறப்பதில்லை. ஆனால் அவள் வீட்டுக்குள் உயிரோடு இருப்பவர் போக முடியாது. செத்தவர்கள் மட்டும் பார்க்கும் ஆவணத்தால் உழுதவளுக்குப் பட்டா கிடைக்காது, கொன்றவனுக்குத் தண்டனையும் கிடைக்காது.

ஆகவே இந்த அவையின் முன் நான் வைக்கும் வேண்டுகோள் எளியது. உங்கள் ஊரின் பஞ்சமி நிலத்துக்குப் பழைய 'அ' பதிவேட்டில் என்ன இருக்கிறது என்று கேட்டுப் பாருங்கள். அதில் எழுதப்பட்ட ஆண் பெயரோடு, உழுத பெண்ணின் பெயரையும் ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டு எழுதுங்கள். உங்கள் தெருவின் கதையை எழுதும்போது அடுத்த தெருவில் இருக்கும் அருந்ததியர், புதிரை வண்ணார் வீட்டுக் கதையை அவர்களே எழுத இடம் விடுங்கள். நீங்கள் எழுதியதை அவர்கள் படித்துத் திருத்தட்டும். சாட்சி சொன்னவர் பெயரையும் தேதியையும், அவர் சம்மதத்தோடு, பக்கத்திலேயே குறித்து வையுங்கள். நாளை ஒரு மாணவி வந்து இது உண்மையா என்று கேட்டால் சோதித்துப் பார்க்க அவளுக்கு ஒரு பிடி வேண்டும். எழுதியதை அச்சிட்டு ஊர் நூலகத்தில் வையுங்கள்.

தோட்டக்காரன் சாம் கேட்ட கேள்வியைத்தான் நாமும் கேட்கப் போகிறோம். இவர் பெயர் என்ன? எந்த ஊர்? எது இவரை இங்கே கொண்டுவந்தது? சாம் மனத்துக்குள் கேட்டுவிட்டுத் தன் வழியே போய்விட்டான். நாம் பதில் கிடைக்கும்வரை வீடு வீடாகப் போய்க் கேட்போம்.